அரைப்படி

என் பாட்டி அரிசி அளப்பதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருப்பேன். இரும்புப் படியை முறத்தின் நடுவில் வைத்து, பானையிலிருந்து இரண்டு கையாலும் அள்ளிப் போடுவாள். படி நிறைந்து மேலே கூம்பு எழும்பும். ஓரத்தில் மணிகள் சரியத் தொடங்கும்போது கையை நிறுத்துவாள். உலையில் போட என்றால் உள்ளங்கையால் தலையைத் தட்டிவிடுவாள். கைமாற்று கேட்டு வந்த பக்கத்து வீட்டுக்காரிக்கு என்றால் தட்டமாட்டாள், கூம்போடு அப்படியே மடியில் கொட்டுவாள். திருப்பித் தரும்போது அவளும் தலைதட்டாத படியாகத்தான் கொண்டுவருவாள். தலைதட்டிய படிக்கும் கூம்பு நிற்கும் படிக்கும் நடுவில் ஒரு கைப்பிடி அரிசி இருக்கிறது. அந்தக் கைப்பிடிக்குள் என்னவெல்லாம் அடங்கியிருந்தது என்று யோசிக்கும் வயது அப்போது எனக்கில்லை.

அரைப்படி நெல் என்பது எவ்வளவு? குத்திப் புடைத்தால் நெல்லில் பாதிதான் அரிசியாகத் தேறும் என்பது ஊர்க் கணக்கு. ஆக, கால்படி அரிசி. கஞ்சியாகக் காய்ச்சினால் ஒரு சின்னக் குடும்பத்துக்கு ஒரு வேளை. கூலியில் அரைப்படி கூட்டிக் கேட்டவர்கள் என்றுதான் கீழத்தஞ்சையின் கீழ்வெண்மணி மக்களைப் பற்றி முதலில் கேள்விப்பட்டேன். அரைப்படிக்காக என்று சொல்லும்போதெல்லாம் பாட்டியின் படிதான் கண்ணில் நிற்கும். பாதிவரை நிறைந்த படி. உள்ளங்கையால் தட்டுவதற்குத் தலையே இல்லாத படி.

வன்முறையைப் பற்றிய புத்தகங்களை நான் கொஞ்சம் அதிகமாகவே வாசித்துவிட்டேன். ஒவ்வொன்றையும் மூடி வைக்கும்போது ஒரே கேள்விதான் மிஞ்சுகிறது: இந்தப் புத்தகம் யாரைப் பார்த்துக்கொண்டிருந்தது? கொன்றவரையா, செத்தவரையா? பார்வை எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது என்பதிலேயே பாதி நியாயம் தீர்ந்துவிடுகிறது என்று நினைக்கிறேன். இதை எனக்குக் கற்றுக்கொடுத்தவை வெண்மணியைப் பற்றிய எழுத்துகள்தான். அவற்றில் நாவல்கள் உண்டு, கட்டுரைகள் உண்டு, ஒரு படம் உண்டு. ஒரு தீர்ப்பும் உண்டு.

கீழத்தஞ்சையில் அந்தக் கூலிக் கோரிக்கை திடீரென்று முளைத்ததல்ல. 1940களில் பி. சீனிவாசராவ் என்ற கன்னடக்காரர் அந்த மண்ணுக்கு வந்து, சவுக்கடிக்கும் சாணிப்பால் குடிக்கவைக்கும் தண்டனைக்கும் பழக்கப்படுத்தப்பட்டிருந்த பண்ணையாட்களை செங்கொடியின் கீழ்த் திரட்டினார். அடித்தால் திருப்பி அடி என்பதுதான் அவர் சொன்னதின் சாரம். சேற்றில் குனிந்தே பழகிய முதுகுகள் நிமிர்ந்தன. 1952-இல் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. பிறகு 1960-இல் தஞ்சை மாவட்டம் தீவிர வேளாண்மைத் திட்டத்துக்குத் தேர்வானது. உரம் வந்தது, பம்ப்செட் வந்தது, 1960களின் நடுவில் ஆடுதுறை 27 என்ற குறுகிய கால நெல்லும் வந்தது. ஒரு போகம் கண்ட வயல்கள் இரண்டு போகம் கண்டன. களத்தில் நெல் மலையாகக் குவிந்தது. ஆனால் கூலிக்கு அளக்கும் படி மட்டும் பழைய படியாகவே இருந்தது. பசுமைப் புரட்சி என்று பாடப்புத்தகத்தில் படித்தோமே, அதன் மறுபக்கத்தில் இந்தக் களம் இருந்தது. அங்கே நின்று, விளைச்சல் கூடியிருக்கிறது, அளப்பதிலும் கூட்டுங்கள் என்று கேட்டார்கள்.

நிலக்காரர்கள் நெல் உற்பத்தியாளர் சங்கம் என்று ஒன்றை அமைத்துக்கொண்டார்கள். அதன் தலைவர் கோபாலகிருஷ்ண நாயுடு. வெளியூர் ஆட்களை இறக்கி அறுத்தார்கள். செங்கொடியை இறக்கிவிட்டு எங்கள் கொடியை ஏற்று என்றார்கள். வெண்மணிச் சேரித்தெரு இறக்கவில்லை. 1968 டிசம்பர் 25 அன்று நடந்த மோதலில் நிலக்காரர் தரப்பைச் சேர்ந்த பக்கிரிசாமிப் பிள்ளை உயிரிழந்தார். அன்றிரவு ஆயுதங்களோடும் துப்பாக்கிகளோடும் ஒரு கூட்டம் தெருவுக்குள் வந்து குடிசைகளுக்குத் தீ வைத்தது. ஓடத் தெம்பிருந்தவர்கள் வயலில் இறங்கி ஓடினார்கள். ஓட முடியாதவர்கள் ராமையாவின் குடிசைக்குள் ஒதுங்கினார்கள். பெண்கள், பிள்ளைகள், வயதானவர்கள். குடிசை எரிந்தது. 44 பேர். பிள்ளையாவது பிழைக்கட்டும் என்று வெளியே வீசியெறிந்த குழந்தையையும் திரும்ப நெருப்புக்குள் எறிந்தார்கள் என்று சாட்சியம் இருக்கிறது.

இதற்கு மேல் அந்த இரவை என் சொற்களில் சொல்ல எனக்குத் துணிச்சல் இல்லை. புத்தகங்களைப் பற்றிப் பேசத்தான் வந்தேன்.

முதலில் அந்தத் தீர்ப்பு. தீர்ப்பைப் புத்தகம் என்று யாரும் சொல்வதில்லை. ஆனால் அதுவும் நடந்த ஒன்றைத் திரும்பச் சொல்லும் எழுத்துதான். அதிலும் கதைமாந்தர்கள் இருக்கிறார்கள். எதை நம்பலாம், எதை நம்பக்கூடாது என்று முடிவெடுக்கும் ஒரு கதைசொல்லியும் இருக்கிறார். 1970-இல் கீழமை நீதிமன்றம் நாயுடு உள்ளிட்ட சிலருக்குப் பத்தாண்டுச் சிறைத்தண்டனை கொடுத்தது. 44 உயிருக்குப் பத்தாண்டு. அதுவும் நிலைக்கவில்லை. 1973-இல் சென்னை உயர் நீதிமன்றம் எல்லாரையும் விடுதலை செய்தது. அந்தத் தீர்ப்பில் ஒரு வாதம் உண்டு. வெண்மணியைப் பற்றி எழுதிய யாராலும் அதைத் தாண்டிப் போக முடிந்ததில்லை. குற்றம் சாட்டப்பட்டவர்கள் எல்லாரும் மிராசுதார்கள், வசதி படைத்தவர்கள், நாயுடு சொந்தமாகக் கார் வைத்திருப்பவர். இப்படிப்பட்டவர்கள் என்னதான் வஞ்சம் இருந்தாலும் வேலையாட்களை அனுப்பாமல் தாங்களே நேரில் நடந்துபோய்க் குடிசைக்குத் தீ வைத்தார்கள் என்பது நம்பும்படியாக இல்லை என்பதுதான் அந்த வாதம்.

நடந்துபோய். நான் அந்தச் சொல்லிலேயே பலமுறை நின்றிருக்கிறேன். காவிரி டெல்டாவில் நடை என்பது ஒரு சாதி அடையாளம். வரப்பில் யார் நடக்கலாம், யார் எதிரே வந்தால் யார் வயலில் இறங்கி நிற்க வேண்டும், எந்தத் தெருவில் செருப்பைக் கையில் எடுத்துக்கொள்ள வேண்டும் என்பதெல்லாம் தலைமுறை தலைமுறையாக உடம்பில் ஏற்றிவைத்த பாடம். நாற்றுக்கட்டைத் தலையில் வைத்துக்கொண்டு நாள் முழுக்க நடந்தவர்கள் சேரித்தெருக்காரர்கள். நடக்காமல் இருப்பதுதான் பெரிய மனிதரின் இலக்கணம். தீர்ப்பு அந்த இலக்கணத்தைக் கையில் எடுத்துக்கொண்டது. சாட்சி சொல்ல வந்தவர்கள் கண்ணால் கண்டதைச் சொன்னார்கள். நீதிமன்றம், பணக்காரர்கள் எப்படி நடந்துகொள்வார்கள் என்று தான் கற்பனை செய்து வைத்திருந்ததைச் சொன்னது. இரண்டில் கற்பனைதான் ஜெயித்தது.

அந்தத் தீர்ப்பைக் கெட்ட எண்ணத்தோடு எழுதினார்கள் என்று நான் சொல்லவில்லை. அப்படிச் சொல்லிவிட்டால் வேலை சுலபமாக முடிந்துவிடும். எனக்குப் பயமாக இருப்பது வேறு. ஒரு மனிதர் நல்லெண்ணத்தோடு, சட்டப்படி, சாட்சியங்களை எடைபோட்டு எழுத உட்கார்ந்தாலும், அவர் மனம் தன்னையறியாமல் யாருடைய வீட்டுக்குள் போகிறது என்பதுதான் கேள்வி. தீர்ப்பின் மனம் கார் நின்ற வீட்டுக்குள் போயிற்று. கூரை எரிந்த வீட்டுக்குள் போகவில்லை.

இதை எழுதும்போது எனக்குப் பிரியமான ஒரு நாவலின் மேல் கைவைக்க வேண்டியிருக்கிறது. இந்திரா பார்த்தசாரதியின் ‘குருதிப்புனல்’ 1975-இல் வந்தது. 1977-இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றது. 1983-இல் ‘கண் சிவந்தால் மண் சிவக்கும்’ என்ற படத்துக்கு மூலமாகவும் அமைந்தது. கல்லூரி நாட்களில் ஒரே இரவில் வாசித்து முடித்தேன். தில்லியிலிருந்து வரும் படித்த இளைஞன் ஒருவன் அந்த ஊரின் நியாயத்தை மெல்ல மெல்லப் புரிந்துகொள்ளும்போது, நானும் அவனோடு பஸ் இறங்கி அந்த டீக்கடையில் உட்கார்ந்ததுபோல இருந்தது. விடிந்ததும் நண்பன் கையில் திணித்து, இதைப் படிக்காமல் என்னோடு பேசாதே என்றேன்.

பல வருடம் கழித்து மறுபடி வாசித்தபோது சங்கடமாக இருந்தது. நாவலில் வரும் கண்ணையா நாயுடு ஆண்மைக் குறை உள்ளவர். அவருடைய கொடூரத்துக்கு அந்தக் குறை ஒரு காரணமாக உள்ளோடுகிறது. நாவல் வந்த காலத்திலேயே இதை இடதுசாரி விமர்சகர்கள் கடுமையாகக் கேட்டார்கள். நிலத்திலும் கூலியிலும் சாதியிலும் இருக்கும் வேரை ஒருவனுடைய படுக்கையறைக்குள் கொண்டுபோய் வைப்பானேன் என்பது அவர்கள் கேள்வி. அப்போது எனக்கு அது கட்சிக்காரர்களின் கேள்வியாகப் பட்டது. இப்போது வாசகனின் கேள்வியாகவே படுகிறது. நிலக்காரர்கள் ஒரு சங்கம் வைத்து, கூட்டம் போட்டு, தீர்மானம் எழுதி நடத்திய ஒன்றை ஒரு மனிதனின் உடற்குறையாகச் சுருக்கிவிட்டால், அந்தக் குறை இல்லாத மற்றவர்கள் எல்லாரும் தப்பித்துவிடுகிறார்கள். தீர்ப்பைப் போலவே நாவலும் மிராசுதாரின் மனத்துக்குள்தான் இறங்கிப் பார்த்திருக்கிறது என்பது எனக்குத் தாமதமாகவே உறைத்தது. எதிரெதிர்த் திசையிலிருந்து வந்த இரண்டு எழுத்துகள் ஒரே வீட்டு வாசலில் போய் நின்றிருக்கின்றன.

இருந்தாலும் ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும். அந்த நாவல் வந்திராவிட்டால் வெண்மணி என்ற பெயர் எத்தனையோ வீடுகளுக்குள் நுழைந்தே இருக்காது. என் வீட்டுக்குள் நுழைந்தது அந்தப் புத்தகத்தின் வழியாகத்தான். அந்தக் கடனை மறந்துவிட்டு நான் விமர்சனம் எழுதக்கூடாது.

பிறகு மற்றவை வந்தன. சோலை சுந்தரபெருமாளின் ‘செந்நெல்’ அந்த மண்ணின் பேச்சிலேயே எழுந்து வந்த நாவல். அறுப்பும் கட்டும் போரடியும் தெரிந்த கை எழுதியது என்று முதல் சில பக்கங்களிலேயே தெரிந்துவிடும். பாட்டாளி எழுதிய ‘கீழைத்தீ’ இருக்கிறது. மீனா கந்தசாமி 2014-இல் ஆங்கிலத்தில் எழுதிய நாவலில், இந்தக் கதையை எப்படித்தான் சொல்வது என்று எழுதுகிறவரே திணறுவது பக்கத்துக்குப் பக்கம் தெரியும். முன்பு எனக்கு அது உத்தி விளையாட்டாகத் தோன்றியது. இப்போது அந்தத் திணறலே நேர்மையாகப் படுகிறது. 44 பேரின் சாவைத் தங்குதடையின்றிச் சொல்லிவிட முடிகிறவரை நான் நம்பமாட்டேன்.

பாரதி கிருஷ்ணகுமாரின் ‘ராமையாவின் குடிசை’ 2005-இல் வந்த ஆவணப்படம். ஆனாலும் இந்தப் புத்தகங்களின் வரிசையில்தான் அதை என் மனம் வைத்துக்கொள்கிறது. உயிர் தப்பியவர்கள் கேமராவைப் பார்த்துப் பேசுகிறார்கள். பேசும்போது கை தானாக எழுந்து ஒரு திசையைக் காட்டுகிறது. அங்கேதான் என்கிறது கை. நாவலில் எத்தனை பக்கம் எழுதினாலும் அந்தக் கை கிடைக்காது.

எல்லாவற்றுக்கும் மேலாக நான் திரும்பத் திரும்பப் போவது மைதிலி சிவராமனின் கட்டுரைகளுக்கு. அவர் அமெரிக்காவில் படித்து, ஐ.நா. சார்ந்த பணியில் நியூயார்க்கில் இருந்துவிட்டு, 1968-இல் நாடு திரும்பியவர். அதே வருடம் வெண்மணி எரிந்தது. அவர் அந்த ஊருக்குப் போனார், மக்களோடு உட்கார்ந்து பேசினார், எழுதினார். 1973 தீர்ப்பு வந்தபோது அதை எடுத்துவைத்துக்கொண்டு, கனவான்கள் கொலை செய்யமாட்டார்கள் என்ற நம்பிக்கையைப் பிரித்துப் போட்டார். அவருடைய கட்டுரைகள் ஆங்கிலத்தில் 2013-இல் ஒரு தொகுப்பாக வந்தன. அவற்றில் அழுகை இல்லை, வர்ணனை குறைவு. கூலி எவ்வளவு, நிலம் யாரிடம், வெளியூர் ஆட்கள் எப்படிக் கொண்டுவரப்பட்டார்கள், போலீஸ் எப்போது வந்தது என்று கேட்டுக்கொண்டே போகிறார். கணக்குப் பார்ப்பதும் ஒருவகைத் துக்கம் என்று அவரை வாசித்துத்தான் தெரிந்துகொண்டேன். அரைப்படியை அரைப்படியாகவே வைத்துப் பேசுகிறார். அதைக் குறியீடாக்கவில்லை. பசியைக் குறியீடாக்குவது, பசிக்காதவர்கள் செய்கிற வேலை.

அவருடைய கடைசி வருடங்களில் நினைவு அவரை விட்டுப் போய்க்கொண்டிருந்தது. 2021-இல் காலமானார். வெண்மணியை மறக்கவிடாமல் பிடித்துவைத்திருந்த ஒருவருடைய நினைவே அப்படிக் கழன்று போனதை வாசித்த நாளில், அவர் புத்தகத்தை அலமாரியிலிருந்து எடுத்து மேசையில் வைத்துக்கொண்டேன். வேறு என்ன செய்வதென்று தெரியவில்லை.

சாட்சியைப் பற்றிக் கொஞ்சம் பேச வேண்டும். இந்த விஷயத்தின் முடிச்சு அங்கேதான் இருக்கிறது.

நீதிமன்றத்துக்கு வேண்டியது கோணாத சாட்சியம். எத்தனை மணி, எத்தனை பேர், யார் கையில் என்ன, நீ நின்ற இடத்துக்கும் எரிந்த இடத்துக்கும் எத்தனை அடி. மார்கழி இருட்டில், வயலுக்குள் பதுங்கிக்கொண்டு, தன் பிள்ளை எந்தப் பக்கம் ஓடியது என்று தெரியாமல் பார்த்தவருக்கு இதற்கெல்லாம் ஒரே பதில் எப்போதும் இருக்காது. போலீஸில் ஒன்று சொல்லியிருப்பார், கூண்டில் ஒன்று சொல்வார். துக்கத்துக்கு ஒழுங்கு கிடையாது. அதனால் ஒழுங்காகச் சொல்லும் சாட்சியை மட்டும் நம்புகிற இடத்தில், அதிகம் பாதிக்கப்பட்டவர்தான் முதலில் பொய்யராகிறார். பீகாரில் பதானி டோலாவில் 1996-இலும், லட்சுமண்பூர் பாத்தேயில் 1997-இலும் தலித் மக்கள் கொன்று குவிக்கப்பட்டார்கள். கீழமை நீதிமன்றங்கள் தண்டித்தவர்களைப் பாட்னா உயர் நீதிமன்றம் 2012-இலும் 2013-இலும் விடுதலை செய்தது. சாட்சிகளை நம்ப முடியவில்லை என்பதுதான் அங்கும் சொல்லப்பட்டது. நாற்பது வருடம் கழித்து, வேறொரு மொழி பேசும் ஊரில், மறுபடியும் வெண்மணியின் தீர்ப்பை வாசிப்பதுபோல இருந்தது.

புத்தகம் என்ன செய்ய முடியும் என்றால், கோணலான சாட்சியத்தைக் கோணலோடே எடுத்துக்கொள்ள முடியும். ஒருத்தி ஒரு தடவை ஒரு விதமாகவும் இன்னொரு தடவை வேறு விதமாகவும் சொன்னால், இரண்டையும் எழுதிவைக்கலாம். இரண்டுக்கும் நடுவில் இருக்கும் இடைவெளியையே அவள் பட்டதின் அளவாகக் கொள்ளலாம். பெலாரஸ் எழுத்தாளர் ஸ்வெத்லானா அலெக்ஸியேவிச் வாழ்நாள் முழுக்க இதைத்தான் செய்தார். ஆப்கானிஸ்தான் போரிலிருந்து மூடிய துத்தநாகப் பெட்டிகளில் திரும்பி வந்த சோவியத் பையன்களைப் பற்றி, அவர்களுடைய தாய்மார்களும் உடன் போரிட்டவர்களும் சொன்னதைத் தொகுத்து ஒரு புத்தகம் போட்டார். சில வருடங்களில், அவரிடம் மனம்விட்டுப் பேசியவர்களில் சிலரே மின்ஸ்க் நகர நீதிமன்றத்தில் அவர்மேல் வழக்குப் போட்டார்கள். நாங்கள் சொன்னதைத் திரித்துவிட்டார் என்றார்கள். என் பிள்ளை வீரன், அவனைக் கொலைகாரனாகக் காட்டிவிட்டாய் என்பது ஒரு தாயின் மனக்குறை. அலெக்ஸியேவிச் அந்த வழக்கின் ஆவணங்களையும் பிற்காலப் பதிப்புகளில் அதே புத்தகத்தின் பின்பகுதியில் சேர்த்துவிட்டார். தன்மேல் வந்த குற்றச்சாட்டும் அந்தச் சாட்சியத்தின் மீதிப் பகுதிதான் என்று அவர் கருதியிருக்க வேண்டும். எழுதுகிறவர்கள் எல்லாருக்கும் இந்தத் துணிவு வாய்க்காது. சாட்சி சொன்னவர் நாளைக்கு வந்து நம் சட்டையைப் பிடித்துக் கேட்பார் என்ற பயத்தோடு எழுதுவது நல்லது.

எல்லாச் சாட்சிகளும் தோற்றுப்போகவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். 1992 ஜூன் 20 அன்று தருமபுரி மாவட்டம் வாச்சாத்தியில், சந்தனக்கட்டை தேடுகிறோம் என்று வனத்துறையும் காவல்துறையும் வருவாய்த்துறையும் புகுந்தன. 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளானார்கள். அங்கே முதலில் போய் அந்தப் பெண்களின் சொல்லைக் கேட்டு எழுதிக்கொண்டவர்களிலும் மைதிலி சிவராமன் இருந்தார். 2011-இல் தருமபுரி நீதிமன்றம் குற்றம் சாட்டப்பட்ட அரசு ஊழியர்கள் 269 பேரையும் குற்றவாளிகள் என்றது. 54 பேர் அதற்குள் செத்துப்போயிருந்தார்கள். மற்றவர்கள் மேல்முறையீட்டுக்குப் போனார்கள். 2023-இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் நீதிபதி தீர்ப்புக்கு முன்பாகத் தாமே அந்த மலைக்கிராமத்துக்குப் போய், இடங்களைப் பார்த்து, மக்களிடம் பேசிவிட்டு வந்தார். தண்டனையை உறுதி செய்தார். செய்தித்தாளில் அவர் அந்த ஊருக்குப் போயிருக்கிறார் என்று படித்தபோது எனக்கு 1973 நினைவுக்கு வந்தது. பெரிய மனிதர்கள் நடந்துபோவார்களா என்று அன்றைக்கு நீதிமன்றம் சந்தேகப்பட்டது. ஐம்பது வருடம் கழித்து, அதே நீதிமன்றத்திலிருந்து ஒருவர் நடந்துபோய்ப் பார்த்துவிட்டு வந்திருக்கிறார்.

கோபாலகிருஷ்ண நாயுடு 1980 டிசம்பரில் வெட்டிக் கொல்லப்பட்டார். வெண்மணியைப் பற்றிய பல எழுத்துகளும் பேச்சுகளும் இந்த இடத்துக்கு வந்ததும் மூச்சுவிட்டுக்கொள்கின்றன, கதை முடிந்துவிட்டதுபோல. அந்த மூச்சை என்னால் விட முடியவில்லை. நீதி கிடைக்காத இடத்தில் பழி முளைக்கும் என்பது எனக்கும் தெரியும், அதைக் குறைசொல்ல எனக்கு வாயில்லை. ஆனால் கதையின் முடிவை நாயுடுவின் சாவில் வைத்தால், அது மறுபடியும் நாயுடுவின் கதையாகிவிடுகிறது. குடிசைக்குள் இருந்தவர்கள் இரண்டாவது தடவையும் ஓரத்துக்குத் தள்ளப்படுகிறார்கள். எரிந்த ஊரைத் தேடி வந்து, சுற்று வட்டாரத்தில் நிலமில்லாத பெண்களின் பெயரில் நிலம் எழுதி வாங்கிக் கொடுக்கப் பல வருடம் போராடினாரே கிருஷ்ணம்மாள் ஜெகந்நாதன், அந்தக் கதைக்கு நாவல் எழுதுவார் இல்லை. பட்டா பெயர்மாற்றத்தில் பரபரப்பு இல்லைதான். தாலுகா ஆபீஸ் திண்ணையில் காத்துக் கிடப்பதை எழுத யாருக்குப் பொறுமை இருக்கிறது?

இறந்தவர்களின் பெயர்ப் பட்டியலை வெகுநாள் நான் வாசித்ததே இல்லை. 44 என்ற எண்ணே போதுமானதாக இருந்தது. கட்டுரை எழுதவும் மேடையில் பேசவும் எண் வசதியானது, சுருக்கென்று தைக்கும், தைத்த வேகத்தில் உதிர்ந்தும் போகும். தலைதட்டிய படி மாதிரி. கூம்பு முழுக்கப் பெயர்களில் இருக்கிறது. ஒரு வயதுக் குழந்தைகள் இருக்கிறார்கள். 70 வயதுக் கிழவர் இருக்கிறார். ஒரு பெண்ணுக்கு ஆற்றின் பெயர். பத்து, பன்னிரண்டு வயதுப் பிள்ளைகள் சிலருக்குத் திராவிட இயக்கத் தலைவர்களின் பெயர்கள்.

இந்தக் கடைசி விஷயத்தைக் கவனித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. 1950களின் நடுவில், சேரியில், எழுதப் படிக்கத் தெரியாத ஒரு அப்பனும் அம்மாவும் தங்கள் பிள்ளைக்குக் குலசாமி பெயரை விட்டுவிட்டு, மேடையில் முழங்கும் ஒருவரின் பெயரை வைக்கிறார்கள். எங்கோ ஒரு கூட்டத்தில் மண்தரையில் உட்கார்ந்து கேட்டிருப்பார்கள். இனிமேல் எல்லாம் மாறும் என்று நம்பியிருப்பார்கள். அந்த நம்பிக்கையைத்தான் பிள்ளையின் பெயராக வைத்தார்கள். 1967-இல் அந்த இயக்கம் ஆட்சிக்கு வந்தது. 1968-இல் பிள்ளை எரிந்தான். முதலமைச்சர் அண்ணா உடல்நலம் குன்றியிருந்தார், ஆறு வாரத்துக்குள் அவரும் மறைந்தார். அவர் அனுப்பிய அமைச்சர்கள் வந்து சாம்பலைப் பார்த்தார்கள். தங்களுடைய மேடைப் பேச்சைக் கேட்டுப் பெயர் வைத்தவர்களின் பிள்ளைகளும் அந்தச் சாம்பலுக்குள் இருக்கிறார்கள் என்று அவர்களுக்கு அன்றைக்குத் தெரிந்திருக்க வழியில்லை. பிறகு கூலித் தகராறை விசாரிக்கக் கணபதியா பிள்ளை ஆணையம் வந்தது. 1969-இல் விவசாயத் தொழிலாளர் நியாயக் கூலிச் சட்டம் வந்தது. சட்டப்படி படி கொஞ்சம் நிறைந்தது.

இதை எந்த நாவலும் எனக்குச் சொல்லவில்லை. பட்டியல்தான் சொன்னது. ஒரு பெயரும் ஒரு வயதும் பக்கத்தில் பக்கத்தில் நின்றால் அதற்குள் ஒரு குடும்பத்தின் பத்து, பன்னிரண்டு வருட ஆசை தெரிந்துவிடுகிறது.

எங்கள் ஊரில் மாதம் ஒரு முறை கூடும் சின்ன வாசகர் வட்டம் ஒன்று உண்டு. பத்துப் பதினைந்து பேர் வருவோம். ஒரு டிசம்பரில் ‘குருதிப்புன’லை எடுத்துக்கொண்டோம். நாவலைப் பேசுவதற்கு முன்னால் பெயர்களை வாசித்துவிடலாம் என்று நான்தான் சொன்னேன். எங்களில் மூத்தவர், ஓய்வுபெற்ற தமிழாசிரியர், தாளை வாங்கிக் கண்ணுக்கு அருகே பிடித்துக்கொண்டு நிதானமாக வாசித்தார். பெயர் மட்டும். யாரும் அசையவில்லை. பாதியைத் தாண்டியதும் ஒரு கல்லூரி மாணவி மெதுவாகக் கையை உயர்த்தி, “ஐயா, இந்தப் பேரு முன்னாடியே வாசிச்சுட்டீங்க” என்றாள்.

ஐயா தாளைக் கீழிருந்து மேலாகப் பார்த்தார். விரலால் ஒரு வரியைத் தொட்டு, பிறகு இன்னொரு வரியைத் தொட்டார்.

“இல்லம்மா. அது வேற பிள்ளை. இது வேற பிள்ளை. வயசு வேற.”

கொஞ்ச நேரம் சும்மா இருந்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டார். பிறகு தாளைத் திருப்பி மேலே கொண்டுபோய், முதல் பெயரிலிருந்து மறுபடியும் தொடங்கினார், இந்தத் தடவை வயதோடு.